ஒரு குரலாகக் கேட்கும் தூரம்

மகன்,

நீ உள்ளறையில் பெட்டி அடுக்கிக்கொண்டிருக்கிறாய். நான் குசினியில், சமைக்கிற மேசையில் இருந்து இதை எழுதுகிறேன். நடுவில் இருப்பது ஒரு கதவுதான், அதுவும் சாத்தாத கதவு. எழுந்து வந்து நாலு வார்த்தை சொன்னால் முடிகிற காரியத்தை இப்படிப் பக்கம் பக்கமாக எழுதுகிறாளே என்று வேறு யாரும் நினைக்கலாம். ஏன் என்று உனக்குத் தெரியும். என் குரல் உன் காதை வருத்துகிறது. பெற்றவளின் குரலைக் கேட்டால் பிள்ளையின் முகம் சுளிக்கிறது என்று என் கையாலேயே எழுதும்போது எனக்கு நம்ப முடியவில்லை, ஆனால் இந்த வீட்டில் இத்தனை மாதமாக நடப்பது அதுதான். அடுத்த கிழமை நீ மெல்பேர்னுக்குப் போகிறாய். போகிற பிள்ளைக்கு ஒரு தாய் சொல்ல வேண்டியதை நான் எழுதித்தான் தர வேண்டியிருக்கிறது. இதை மற்றவர்கள் வாசித்தாலும் எனக்குக் கூச்சமில்லை. பிள்ளைக்குப் பக்கத்திலேயே இருந்தும் ஒன்றும் செய்ய முடியாமல் போன தாய் தகப்பன்மார் இந்தக் கொழும்பில் எத்தனையோ பேர் இருப்பார்கள். அவர்களுக்கும் விளங்கட்டும் என்று, உனக்குத் தெரிந்ததையும் சேர்த்தே சொல்கிறேன்.

என் குரல் சின்னக் குரல் இல்லை. கொட்டாஞ்சேனையில் நான் படிப்பித்த பள்ளிக்கூடத்தில் வகுப்புக்கும் வகுப்புக்கும் நடுவே ஒரு பலகைத் தட்டிதான் இருந்தது. அந்தப் பக்கம் வாய்ப்பாடு ஒப்புவிப்பார்கள், இந்தப் பக்கம் பாட்டுப் பழகுவார்கள், நடுவில் நான் என் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்க வேண்டும். அப்படிக் கத்திக் கத்தியே என் தொண்டை பழகிவிட்டது. வீட்டுக்கு வந்தாலும் அதே குரல்தான். உன் அப்பா துறைமுகத்தில் கிளாக்கராக இருந்தவர், அதிகம் பேசாத மனிதர். "நீ சத்தம் போட்டா எனக்குப் பயமில்லை, மெதுவாக் கதைச்சாத்தான் பயம்" என்பார். நீ தொட்டிலில் கிடந்த காலத்தில், நான் ஜன்னலால் பக்கத்து வீட்டுக்காரியோடு கதைத்துக்கொண்டிருக்கும் வரை தூங்குவாய். நான் நிறுத்தினால் எழும்பி அழுவாய். வெள்ளவத்தைக்கு, இந்த நாலாம் மாடி பிளாட்டுக்கு வந்த பிறகு, நான் மேலேயிருந்து உன்னைச் சாப்பிடக் கூப்பிட்டால் கீழே ஒழுங்கையில் கிரிக்கெட் விளையாடும் சிங்களப் பிள்ளைகள் எல்லோரும் சேர்ந்து, "அம்மா கதா கரனவா!", அம்மா கூப்பிடுறா என்று உனக்குச் சொல்லிச் சிரிப்பார்கள். அவர்கள் சொல்லித்தான் உனக்குத் தெரிய வேண்டும் என்பது போல.

நீ பள்ளிக்கூட நாடகத்தில் சேர்ந்திருக்கிறாய் என்று சொன்னபோது அப்பா அரை நாள் லீவு போட்டுக்கொண்டு வந்தார். நானும் நல்ல சேலை உடுத்திக்கொண்டு போய் முன் வரிசையில் இருந்தேன். ராஜா வந்தார், மந்திரி வந்தார், மரங்கள்கூட வந்தன, நீ வரவில்லை. கடைசிக் காட்சியில் மழை பெய்தது. திரைக்குப் பின்னால் எங்கேயோ தொடங்கி, மெல்லக் கூடி, மண்டபம் முழுக்க மழை. எனக்கு உண்மையாகவே மாடியில் காயப்போட்ட உடுப்பு நினைவுக்கு வந்துவிட்டது. முடிந்து வெளியே வந்த உன்னிடம் அப்பா, "ஏன் மகன் மேடையில ஏறேல்ல?" என்று கேட்டார். நீ வீட்டில் நான் அரிசி புடைக்கும் சுளகைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றாய், அதில் பச்சையரிசி கொஞ்சம் ஒட்டியிருந்தது. "மழை நான்தான் அப்பா" என்றாய். அப்பா அதைத் துறைமுகத்தில் எல்லோருக்கும் சொன்னார். சாகும் வரைக்கும் சொன்னார். மழை பெய்யும் நாளில் வேலைக்குப் போகும்போது, "மகனைக் கொஞ்சம் நிப்பாட்டச் சொல்லு" என்று சொல்லிவிட்டுக் குடையை எடுப்பார்.

பிறகு கொட்டாஞ்சேனை மாதா கோயிலில் பூசைக்குக் கீபோட் வாசித்தாய். அங்கிருந்து ஒருவர் கூட்டிப்போய் ஆங்கில நாடகக்காரர்களோடு சேர்த்துவிட்டார், அவர்களிடமிருந்து சிங்கள நாடகக்காரர்களிடம் போனாய். உன் வேலை என்னவென்று சொல்ல எனக்குக் கடைசி வரைக்கும் சரியாக வரவில்லை. என் அக்கா, உன் பெரியம்மா, கொட்டாஞ்சேனையிலிருந்து வரும்போதெல்லாம் கேட்பாள். ஒருநாள் நான், "நாடகத்துக்குச் சத்தம் போடுறான்" என்று சொல்லிவிட்டேன். "சத்தம் போடுறதும் ஒரு வேலையோ? அப்பிடியெண்டா நீ எப்பவோ பணக்காரி ஆகியிருக்க வேணும்" என்றாள் அவள். நீ உள்ளேயிருந்து சிரித்துக்கொண்டு வந்து எங்கள் இரண்டு பேருக்கும் விளங்கப்படுத்தினாய். "பெரியம்மா, நாடகம் பாக்கிற ஆள் கண்ணைப் பொத்திக்கொண்டாலும் தான் எங்க இருக்கிறன் எண்டு அவருக்குத் தெரிய வேணும். கடற்கரையோ, ஆஸ்பத்திரியோ, ஆரோட வீட்டு முத்தமோ. இடப்பக்கம் குழந்தை அழுதா இடப்பக்கம்தான் கேக்க வேணும். அதைச் செய்யிறதுதான் என்ர வேலை. அதுக்கு மேல பாட்டும் போடுறன்." பெரியம்மாவுக்கு விளங்கியதோ தெரியாது. எனக்கு அன்றைக்குத்தான் விளங்கியது.

இடி வேண்டும் என்று கொலன்னாவையில் ஒரு பழைய இரும்புக் கடைக்கு என்னைக் கூட்டிப்போனாயே, அதையும் சொல்ல வேண்டும். ஓட்டோவில் போய் இறங்கினோம். அங்கே கிடந்த பெரிய வெறும் தண்ணீர்த் தாங்கி ஒன்றை நான் ஒரு மரக்கட்டையால் அடிக்க, நீ அதற்குள் மைக்கை விட்டுக்கொண்டு தவழ்ந்து போனாய். கடைக்கார முதலாளி, "மே மொனவத மல்லி?" என்று கேட்டார். இதென்ன தம்பி என்று. நீ ஹெட்போனைக் கழற்றி அவர் காதில் வைத்தாய். அந்த மனிதரின் முகத்தை நான் மறக்கவில்லை. தன் கடையில் இத்தனை வருடமாக இடி கிடந்தது தெரியாமல் போயிற்றே என்பது போல நின்றார். இன்னொரு நாடகத்தில் சந்தைக் காட்சிக்கு என் குரலையே போட்டாய். "சோறு ஆறுது, மேல வா!" என்று நான் கூப்பிடுவது மண்டபத்தின் பின்பக்கத்திலிருந்து கேட்டது. சனம் எல்லாம் திரும்பிப் பார்த்தது. நானும் திரும்பிப் பார்த்தேன்.

அப்புறம்தான் உன் சொந்த இசை நாடகம் வந்தது. மலைநாட்டிலிருந்து பாமன்கடையில் ஒரு வீட்டுக்கு வேலைக்கு வந்த பெண்ணின் கதை. பாட்டு எல்லாம் உன்னுடையது, சத்தமும் உன்னுடையது. நெறியாள்கை நதீஷா. அந்தப் பிள்ளை எங்கள் வீட்டுச் சோற்றை என்னைவிட ருசித்துச் சாப்பிடும். பாத்திரம் கழுவும் பெண் பாடுகிற பாட்டுக்குப் பாத்திரங்களே தாளம் போட வேண்டும் என்று நீ என் தாச்சி, சட்டி, மூடி, அகப்பை எல்லாவற்றையும் ஒத்திகைக்குக் கட்டிக்கொண்டு போனாய். ஒரு கிழமை நாங்கள் கடைச் சாப்பாடு. நான் சண்டை பிடித்தேன். "இந்தத் தாச்சியின்ர சத்தம் வேற ஒண்டுக்கும் வராது அம்மா, நீங்கள் இவ்வளவு காலமும் சுரண்டிச் சுரண்டி அதைச் சுருதி சேத்து வச்சிருக்கிறியள்" என்றாய். சண்டை முடிந்துவிட்டது.

நாடகம் மேடையேறச் சில நாட்களே இருந்தன. காலையில் உன் அறையிலிருந்து கீபோட் சத்தம் கேட்டது. ஒரே ஒரு கட்டை. திரும்பத் திரும்ப அதையே அமுக்கிக்கொண்டிருந்தாய். ஏதோ பாட்டுக்குத்தான் என்று நினைத்துத் தேத்தண்ணியோடு வந்தேன். நீ தலையை ஒரு பக்கம் திருப்பி அமுக்கினாய், மறுபக்கம் திருப்பி அமுக்கினாய். என்னைக் கண்டதும், "அம்மா, ஏதாவது கதையுங்கோ" என்றாய்.

"என்ன கதைக்க?"

"எதையாவது."

"தேத்தண்ணி ஆறுது, குடி" என்றேன். உன் முகம் மாறியதை நான் கண்டேன். சுடுதண்ணி பட்டது போல. "ரெண்டு பேர் கதைக்கிற மாதிரிக் கேக்குது" என்றாய். "ஒண்டு நீங்கள். மற்றது ஆரோ தகரத்துக்குள்ள இருந்து, உங்களை மாதிரியே, கொஞ்சம் மேல் சுருதியில." நான் சிரிக்கப் பார்த்தேன். நித்திரை குறைவு என்றேன், தடிமன், சளி என்றேன். நீ மறுபடியும் அந்தக் கட்டையை அமுக்கினாய்.

அன்றைக்கே ஒரு டொக்டரிடம் போனோம், அவர் களுபோவில ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார். குளிசை தந்தார்கள், காதுக்குள் ஊசி போட்டார்கள். காது சோதிக்கிற அறை ஒரு அலுமாரி மாதிரி இருந்தது, கண்ணாடி ஜன்னல் வைத்த அலுமாரி. நீ உள்ளே ஹெட்போனோடு இருந்தாய், கையில் ஒரு பொத்தான். சத்தம் கேட்டால் அமுக்க வேண்டும். வெளியே ஒரு பிள்ளை மெஷினின் குமிழைத் திருப்பிக்கொண்டிருந்தாள், அவளுக்குப் பின்னால் நான் நின்றேன். அவள் எப்போது சத்தத்தை அனுப்புகிறாள் என்பது எனக்குத் தெரிந்தது, அவளுடைய விரல் அசைவதைக் கண்டேன். வலது காதுக்கு நீ டக் டக்கென்று அமுக்கினாய். இடது காது வந்தது. விரல் அசைந்தது, நீ அமுக்கவில்லை. கூட்டினாள், அமுக்கவில்லை. இன்னும் கூட்டினாள். நீ கண்ணாடிக்கூடாக என்னைப் பார்த்தாய். மகன், நான் தலையை ஆட்டியிருப்பேன். இப்போது, அமுக்கு என்று கண்ணால் காட்டியிருப்பேன். வகுப்பில் பிள்ளைகளுக்குச் சோதனையில் ஒரு எழுத்துக்கூடச் சொல்லிக்கொடுக்காதவள் நான். என் கழுத்து தானாகவே அசையப் போனது. நீ அதைக் கண்டுவிட்டாய். கண்டதும் கண்ணை மூடிக்கொண்டு மறுபக்கம் திரும்பியிருந்தாய். என்னிடமிருந்து காப்பி அடிக்காமல் இருப்பதற்காக.

அங்கே இருந்த டொக்டர் ஒரு முஸ்லிம் பெண், பொறுமையானவ. "அம்மா, குடுக்கக் கூடிய மருந்தெல்லாம் குடுத்திருக்கிறம். சில பேருக்குத் திரும்பும், சில பேருக்குத் திரும்பாது. ஏன் வந்ததெண்டு எங்களுக்கும் சொல்லத் தெரியாது" என்றா. நான் அவவைத் தனியாகப் பிடித்து, "என்ர காதில இருந்து எடுத்து வைக்கேலாதோ?" என்று கேட்டேன். சிரிப்பா என்று நினைத்தேன். அவ சிரிக்கவில்லை. "ஏலாது அம்மா" என்று மட்டும் சொன்னா, சொல்லிவிட்டு என் கையை விடாமல் கொஞ்ச நேரம் வைத்திருந்தா. எனக்கு அன்றைக்குக் கிடைத்த ஆறுதல் அவ்வளவுதான்.

நாடகத்தை நிறுத்த நீ சம்மதிக்கவில்லை. சத்தம் கலக்கிற மிக்ஸரை உன் உதவியாளரிடம் கொடுத்துவிட்டு நீ மண்டபத்தின் கடைசியில் சுவரோடு நின்றாய். நான் நடுவில் இருந்தேன். அந்தப் பெண் பாத்திரம் கழுவிக்கொண்டு பாடத் தொடங்கினாள், என் தாச்சி ஒலித்தது, மேலே குழாயிலிருந்து தண்ணீர் சொட்டும் சத்தம், அதற்கும் மேலே தூரத்தில் ஆறு போல ஒன்று. பக்கத்தில் இருந்த மனிதர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். உன்னைப் பார்க்க வேண்டும் என்று திரும்பினேன். சுவரடியில் நீ இல்லை. பாட்டு முடிந்ததும் வெளியே ஓடி வந்து பார்த்தால், வாகனங்கள் நிறுத்தும் இடத்தில் ஓட்டோக்களுக்கு நடுவே ஒரு கல்லில் குந்தியிருந்தாய். நான் வாயைத் திறக்க முதல் கையைக் காட்டி நிறுத்தினாய். உள்ளே சனம் கை தட்டுவது கேட்டது.

"எல்லாரும் சரியாப் பாடினவையோ?" என்று கேட்டாய்.

நான் தலையை ஆட்டினேன்.

"எனக்கு எல்லாரும் பிழையாப் பாடின மாதிரிக் கேட்டுது அம்மா. பிழையில்லை எண்டு தெரியும். எண்டாலும் அப்பிடித்தான் கேட்டுது."

நாடகம் நல்ல பெயர் எடுத்தது. பத்திரிகையில் எழுதினார்கள். நதீஷா வெட்டி எடுத்துக்கொண்டு வந்து தந்ததை நீ பார்க்கவில்லை. நீ ஆக்கிய பாட்டை நான் முழுதாகக் கேட்டேன், உன் பெரியம்மா கேட்டாள், முன்பின் தெரியாத சனம் எல்லாம் கேட்டது. மண்டபத்தில் அதை முழுதாகக் கேட்காத ஒரே ஆள் நீதான். அது எப்படி இருந்தது என்று உனக்குச் சொல்ல நான் எத்தனையோ தரம் முயன்றேன். எனக்கு இசை தெரியாது. "நல்லா இருந்தது" என்பதற்கு மேல் என்னிடம் சொல் இல்லை.

அதன் பிறகுதான் நீ ஒருநாள், தலையைக் குனிந்துகொண்டு, "அம்மா, கொஞ்சம் மெதுவாக் கதைப்பியளோ?" என்று கேட்டாய். நான் மெதுவாகக் கதைத்தேன். அதுவும் உனக்கு இரண்டாகத்தான் கேட்டது. பஞ்சு வைத்துப் பார்த்தாய், பஞ்சு வைத்தால் உள்ளே கூவுகிற சத்தம் கூடுகிறது என்றாய். கடைசியில் நீ கேட்காமலே நான் வாயை மூடிக்கொண்டேன். சாப்பாடு ஆயத்தம் என்றால் மேசையைத் தட்டுவேன், பிறகு அதுவும் வேண்டாம் என்று உன் வாசலில் வந்து நிற்பேன். பக்கத்து பிளாட் மனுசி, "டீச்சருக்கு என்ன சுகமில்லையோ, சத்தத்தையே காணேல்ல?" என்று கேட்டாள். வருகிறவர்கள் எல்லாம் மருந்து சொன்னார்கள், உள்ளிப்பூண்டு எண்ணெய், வேப்பம்பூப் புகை. கொட்டாஞ்சேனை மாதா கோயிலில் போய் முழங்காலில் நின்றேன். அங்கேயும் எனக்குக் கத்திப் பேசித்தான் பழக்கம், அன்றைக்கு வாயே வரவில்லை. என் இரண்டு காதையும் எடுத்துக்கொள் என்று மனதுக்குள் சொன்னேன். வீட்டுக்கு வந்தபோது எனக்கு எல்லாம் நன்றாகவே கேட்டது. பெரியம்மா, "இனியாவது ஒழுங்கான வேலையொண்டு தேடட்டும்" என்றாள். அவளோடு நான் ஒரு மாதம் கதைக்கவில்லை.

காலி வீதியில் நடந்ததை நீ வெளியே ஒருவருக்கும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை. இப்போது சொல்கிறேன். நீ சந்தைப் பக்கம் வீதியைக் கடக்கப் போனாய், நான் சாமான் பையோடு பின்னால் வந்தேன். பஸ் ஒன்று இன்னொரு பஸ்ஸை முந்திக்கொண்டு வந்தது. நான் அத்தனை மாதம் அடக்கி வைத்திருந்த குரலையெல்லாம் திறந்து, "மகன்!" என்று கத்தினேன். உனக்குக் கேட்டது. ஆனால் எந்தப் பக்கமிருந்து என்று தெரியவில்லை. நீ என்னைத் தேடி மறுபக்கம் திரும்பி, பஸ் வரும் பக்கமாகவே ஒரு அடி வைத்தாய். பூக்கடைக்காரப் பெடியன் உன் சேர்ட்டைப் பிடித்து இழுத்திராவிட்டால் இந்தக் கடிதம் இல்லை. என் குரலைக் கேட்டுத்தான் நீ அந்த அடியை வைத்தாய். உன்னைக் காப்பாற்ற என்னிடம் இருந்தது அந்தக் குரல் ஒன்றுதான், மகன். அதற்குப் பிறகு எனக்குக் கனவில்கூட வாய் திறக்கப் பயம்.

மெல்பேர்னில் என் தம்பி நடத்தும் பூங்கன்றுப் பண்ணைக்குப் போகப் போவதாக நீ சொன்னபோது நதீஷாவும் இருந்தாள். அவள் சிங்களத்தில்தான் சத்தம் போட்டாள், "உன்ர ஒரு காது எங்கட ரெண்டு காதையும் விட நல்லது, பைத்தியக்காரா!" என்று. நீ கோபிக்கவில்லை. "நதீ, ஒரு சத்தம் எங்கயிருந்து வருகுது எண்டு தெரியாத ஆளை வச்சு நீ என்ன செய்வாய்?" என்றாய். பிறகு என்னைப் பார்த்து, "அங்க சத்தமில்லாத வேலை அம்மா. கன்று, மண், தண்ணி" என்றாய். அவள் அழுதுகொண்டு என்னிடம் வந்து, "ஆன்ட்டி, நீங்கள் சொல்லுங்கோவன், போக வேண்டாம் எண்டு" என்றாள். நான் அவளுக்குச் சோறு போட்டுக் கொடுத்தேன். வேறு என்ன செய்ய? போ என்று சொல்லவும் எனக்குத் தெரியவில்லை, இரு என்று சொல்லவும் தெரியவில்லை. இன்றைக்கும் தெரியாது.

தெரிந்தது சில சின்ன விஷயங்கள்தான், அவற்றை இங்கே எழுதிவிடுகிறேன். ஆட்களோடு நடக்கும்போது அவர்களை உன் வலப்பக்கம் விடு. வீதியில் காதை நம்பாதே, கண்ணால் இரண்டு பக்கமும் பார், யார் கூப்பிட்டாலும் முதலில் நில், பிறகு தேடு. கேட்காததைக் கேட்டது போலத் தலையாட்டாதே, மாமி நல்லவ, திரும்பச் சொல்லுவா. மாமாவிடம் முதல் நாளே காதைப் பற்றி முழுதாகச் சொல்லு, மறைத்துக்கொண்டு வேலை செய்யாதே. யாராவது ரேடியோ போட்டால் எழுந்து போக உனக்கு உரிமை இருக்கிறது, மரியாதை பார்க்காதே. பாட்டைப் பற்றி நான் ஒன்றும் சொல்லமாட்டேன். திரும்பப் போடு என்றும் சொல்லமாட்டேன், மறந்துவிடு என்றும் சொல்லமாட்டேன். அது உன்னுடைய வீடு, அதற்குள் வர எனக்கு வழி தெரியாது.

கீபோட்டைக் கோயிலுக்குக் கொடுக்கவென்று நீ கொட்டாஞ்சேனைக்குப் போய் பெரியம்மா வீட்டில் நின்றாய். காதுக்கு இப்படி ஆன பிறகு நீ ஒருவரோடும் போனில் கதைத்ததில்லை, எல்லாம் மெசேஜ்தான். அன்று மத்தியானம் போன் அடித்தது. உன் பெயரைக் கண்டு ஓடிப்போய் எடுத்தேன்.

"அம்மா, என்ர நீலக் கம்பளிச் சட்டை எங்க? பெரியம்மா இங்க இருக்கு எண்டுறா."

"அலுமாரிக்கு மேல" என்றேன். அதோடு நிறுத்திக்கொண்டேன்.

நான் வைக்கப் போனேன். "அம்மா, வைக்காதேங்கோ. இன்னும் ஏதாவது சொல்லுங்கோ."

எனக்கு நீ கதைக்கச் சொன்ன அந்தக் காலை நினைவு வந்தது. என்ன சொல்வது? லிஃப்ட் பழுது என்றேன். பால் பொங்கி அடுப்பெல்லாம் ஊற்றிவிட்டது என்றேன். இரண்டாம் மாடிக்காரர் வாட்ச்மேனோடு சண்டை என்றேன்.

"ஒண்டாக் கேக்குது" என்றாய்.

"என்ன?"

"உங்கட குரல். ஒண்டுதான் கேக்குது. தகரம் இல்லை. அம்மாட குரல் மட்டும்."

நான் குசினித் தரையிலேயே இருந்துவிட்டேன். வலது காதில் போனை வைத்திருந்தாய், அவ்வளவுதான் காரணம். அறைக்குள் கதைத்தால் என் குரல் உன் இரண்டு காதுக்கும் போகும், போனில் கதைத்தால் நல்ல காதுக்கு மட்டும். டொக்டருக்குத் தெரிந்திருக்கும், கேட்க எங்களுக்குத் தோன்றவில்லை. பின்னேரம் வரை நான் கதைத்தேன். எத்தனையோ மாதத்துக் கதை. பெரியம்மா உனக்குத் தேத்தண்ணி கொண்டுவந்து வைத்ததும் கேட்டது, அதை நீ குடிக்காமல் இருந்ததற்கு அவள் ஏசியதும் கேட்டது.

மறுநாள் நீ வந்து கதவடியில் நின்றபோது எனக்குச் சந்தோஷத்தில் எல்லாம் மறந்துபோய், "வா மகன்!" என்றேன். உன் இடது தோள் தானாக மேலே போனது. நான் வாயைப் பொத்தினேன். நீ உன் அறைக்குள் போய் எனக்குப் போன் எடுத்தாய். நான் குசினியில் நின்று பேசினேன், ஆனால் என் குரலுக்குப் போன் எதற்கு, அது கதவுக்கூடாக நேரே வந்துவிட்டதாம். நீ சிரித்தாய். எத்தனை காலத்துக்குப் பிறகு! நான் செருப்பைக் கொழுவிக்கொண்டு, லிஃப்ட் இல்லாமல் நாலு மாடியும் இறங்கி, ஒழுங்கையால் போய், தண்டவாளத்தைக் கடந்து கடற்கரையில் நின்று உன்னைப் போனில் கூப்பிட்டேன். இப்போது பின்னேரத்தில் நாங்கள் அப்படித்தான் கதைக்கிறோம். பார்க்கிறவர்களுக்குப் பைத்தியம். பெற்ற பிள்ளையோடு கதைக்கப் பிள்ளை இருக்கும் வீட்டை விட்டு இறங்கிப் போகிற தாயை எங்கேயாவது கண்டிருப்பார்களோ?

நேற்று நான் உப்பு மீன் விலையைப் பற்றி ஏதோ சொல்லிக்கொண்டிருக்கும்போது ரயில் வந்தது. என் குரல் அதில் அமுங்கிப்போயிற்று. "கொஞ்சம் பொறு, ட்ரெயின் போகட்டும்" என்று கத்தினேன். நீ, "அம்மா, போனை அந்தப் பக்கம் பிடியுங்கோ" என்றாய். நான் கையை நீட்டிப் பிடித்தேன். பெட்டி பெட்டியாக ரயில் போனது, தொங்கிக்கொண்டு போன பெடியன்கள் என்னைப் பார்த்துக் கை காட்டினார்கள், கடலைக்காரர் தள்ளுவண்டியை விட்டுவிட்டு என்னையே பார்த்தார். கடைசிப் பெட்டியும் தெஹிவளைப் பக்கம் போய் மறைந்த பிறகு போனைக் காதில் வைத்தேன். ஒன்றும் இல்லை. மூச்சுச் சத்தம்கூட இல்லை.

"மகன், இருக்கிறியோ?"

"இருக்கிறன்" என்றாய். பிறகு, "கடைசிக்கு முதல் பெட்டியில ஒரு சில்லு தேஞ்சுபோச்சு. தட்டுது" என்றாய்.

அதற்கு என்ன அர்த்தம் என்று நான் கேட்கவில்லை. நம்பிக்கை வைக்கவும் எனக்குப் பயம், அதனால் அதை அப்படியே விட்டுவிட்டேன். எனக்கு விளங்கியது ஒன்றுதான். பக்கத்தில் இருந்தால் உனக்கு நான் இரண்டு பேர், தூரத்தில் இருந்தால் ஒருத்தி. இதை யார் இப்படி வைத்தது என்று தெரியாது, அவரோடு எனக்குக் கோபம்தான். ஆனாலும் நீ போகும் நாளில் விமான நிலையத்தில் நான் அழுதால், வாயைத் திறக்காமல்தான் அழுவேன், அதைப் பார்த்துப் பயப்படாதே. கட்டிப்பிடி, வலக் கன்னத்தில் ஒரு முத்தம் வாங்கிக்கொள், திரும்பிப் பார்க்காமல் போ.

அங்கே போய்ச் சேர்ந்ததும் எனக்குப் போன் எடு. அங்கே என்ன நேரமாக இருந்தாலும் சரி, இங்கே நான் முழித்திருப்பேன். சாப்பிட்டியோ, குளிரோ, மாமி என்ன சமைத்தா என்றெல்லாம் கேட்டு உன்னை அலுப்படிப்பேன். காது எப்படி என்று கேட்கமாட்டேன். இருக்கிறியோ என்று கேட்பேன். இருக்கிறன் என்று சொல்லு. அதற்குப் பிறகு நீ பேசாவிட்டாலும் பரவாயில்லை, நான் கதைத்துக்கொண்டிருப்பேன்.

அம்மா